அப்பாயி குடும்பக் குழு, மலேசியா: நள்ளிரவில் வெளிவந்த பாட்டு

*வெள்ளிக்கிழமை, காலை 7:05*

நான்: அனைவருக்கும் காலை வணக்கம். அப்பாயியின் தாலாட்டை வைத்து நான் செய்த பாடல் நேற்று நள்ளிரவு 12 மணிக்கு ஸ்பாட்டிஃபையிலும் யூடியூபிலும் வெளிவந்துவிட்டது. ஞாயிற்றுக்கிழமை முதலாமாண்டுத் திதிக்கு எல்லாரும் சுங்கை சிப்புட் வீட்டுக்கு வருகிறீர்கள். அன்று படையலுக்குப் பிறகு இதை ஒலிக்கவிடலாமா என்று கேட்டுச் சொல்லுங்கள்.

அப்பா: நான் 11 முறை கேட்டுவிட்டேன்.

பெரியப்பா: தம்பி, இரண்டு நிமிடம் பொறுமையாகக் கேட்டேன். டும் டும் என்று அடிக்கிறதே தவிர அம்மாவின் குரல் வரவே இல்லை. நீ வேறு எதையோ மாற்றி அனுப்பிவிட்டாய் போலிருக்கிறது.

ஜொகூர் அக்கா: எனக்கும் வரவில்லை.

பஸ் மாமா: மச்சான், பாட்டு சரியானதுதான். இதற்கு வோக்கல் டிரான்ஸ் என்று பெயர், வேகமான நடனத் தாளத்தின் மேல் பாடும் குரலை வைக்கிற இசை. தம்பி அனுப்பியிருப்பது 7 நிமிட நீள வடிவம். ஒரு பாட்டின் வாலில் அடுத்த பாட்டின் தலையை ஒட்டுவதற்கு டிஜேக்கு வெறும் தாளம் தேவைப்படுவதால், தொடக்கத்தில் குரலே வராது. நடுவழியில் தாளம் முழுவதும் நின்று குரல் மட்டும் தனித்து ஒலிக்கும் இடம் ஒன்று உண்டு. அதை பிரேக்டவுன் என்பார்கள். அதன் பிறகு தாளம் திரும்பி வரும்போதுதான் ஆடுகிற கூட்டம் துள்ளும். வானொலிக்கென்றால் இதையே மூன்றரை நிமிடமாக வெட்டிக் கொடுப்பார்கள்.

பெரியப்பா: இவ்வளவு நினைவில் வைத்திருப்பவர், தொழிற்சாலைப் பேருந்து ஓட்டிய காலத்தில் நிறுத்தங்களையும் நினைவில் வைத்திருக்கலாம்.

அத்தை: அண்ணன், அது ஒரே ஒரு முறைதான் நடந்தது.

பஸ் மாமா: இரண்டு முறை. இரண்டு முறையும் 'சைலன்ஸ்' பாட்டுதான் ஓடிக்கொண்டிருந்தது. பாசார் மாலம் இரவுச் சந்தையில் 5 வெள்ளிக்கு வாங்கிய வட்டு அது. கனடாவின் வான்கூவரைச் சேர்ந்த டெலிரியம் என்ற குழு 1997-இல் வெளியிட்ட தொகுப்பில் அந்தப் பாட்டு மெதுவாகத்தான் இருந்தது. சாரா மெக்லாக்லன் பாடியிருந்தார். 1999-இல் தனிப்பாடலாக வந்தபோதும் பெரிதாக எடுபடவில்லை. பிறகு டியெஸ்டோ போன்ற டிஜேக்கள் அதே குரலுக்கு அடியில் வேகமான தாளத்தை வைத்தார்கள், 2000-இல் அது இங்கிலாந்துப் பட்டியலில் 3ஆம் இடம்வரை ஏறியது. டியெஸ்டோ செய்தது மட்டுமே 11 நிமிடத்துக்கு மேல் ஓடும், ஈப்போவுக்குப் பாதி வழி போய்விடலாம். குரல் பழையதுதான், கேட்டவர்கள்தான் புதியவர்கள். ஆகவே இரண்டு நிமிடத்தில் அணைத்துவிட்டுத் தீர்ப்புச் சொல்லாதீர்கள்.

ஜொகூர் அக்கா: மாமா எழுதியதைப் படித்து முடிப்பதற்குள் பாட்டே முடிந்துவிட்டது.

*காலை 8:20*

பெரியப்பா: முழுவதும் கேட்டேன்.

அப்பா: எப்படி இருந்தது?

பெரியப்பா: அதைப் பிறகு சொல்கிறேன். முதலில், வெள்ளிக்கிழமை என்று முடிவு செய்தது யார்? இன்று பத்தரையிலிருந்து பன்னிரண்டு வரை ராகு காலம் அல்லவா?

நான்: பெரியப்பா, 2015-லிருந்து உலகெங்கும் புதிய பாடல்கள் வெள்ளிக்கிழமைகளில்தான் வெளிவருகின்றன. நம்முடையது நள்ளிரவிலேயே வந்துவிட்டதால் ராகு காலம் தொடவில்லை.

பெரியப்பா: சரி. அட்டைப்படத்தில் உன் பெயருக்குப் பின்னால் 'உடன்' என்று போட்டு அம்மாவின் பெயரை எழுதியிருக்கிறாய். பேரனுக்குப் பின்னால் பாட்டியா? அதிலும் அது என் அம்மாவின் பெயரே இல்லை. ரப்பர் தோட்டத்து எழுத்தரான கிராணி காதில் விழுந்ததை எழுதி, கடைசி எழுத்தை விழுங்கிய அடையாள அட்டைப் பெயர் அது. நாற்பது ஆண்டுகள் பால் மரம் சீவியவரின் பெயரை ஒழுங்காக எழுத இந்தக் குடும்பத்தில் ஆளே இல்லையா?

நான்: அதிகாரப்பூர்வமான பெயர் அதுதான் என்று நினைத்துவிட்டேன், பெரியப்பா. திருத்தச் சொல்லி இப்போதே எழுதுகிறேன்.

பஸ் மாமா: எழுத்தைத் திருத்துவது நியாயம். ஆனால் வரிசை இந்த வகையின் வழக்கம், மச்சான். இசையமைத்தவர் பெயர் முன்னால் வரும், பாடியவர் பெயர் பின்னால் வரும். டெலிரியத்தைவிட சாரா மெக்லாக்லன்தான் புகழ் பெற்றவர். அவர் பெயரே பின்னால்தான் வந்தது.

பெரியப்பா: அவர் யாருக்கு அம்மா?

அப்பா: 🙏

ஜொகூர் அக்கா: ஒன்றை யாரும் சொல்லவில்லை. 1994-இல் அந்தத் தொட்டிலில் கிடந்தது நான். தாலாட்டு எனக்குப் பாடியது. என் பெயர் எங்கே?

நான்: அக்கா, நீ தூங்கிக்கொண்டுதானே இருந்தாய்.

*மதியம் 1:10*

பெரியப்பா: இன்னொரு கேள்வி. காரியத்தின்போது அம்மாவின் குரல் பதிவான கேசட் ஏதாவது இருக்கிறதா என்று நான் கேட்டேன். இல்லை என்றார்கள். இந்தக் குரல் எங்கிருந்து வந்தது?

*மதியம் 1:42*

அத்தை: என் அலமாரியில் இருந்தது, அண்ணன். அன்று கொடுத்திருந்தால் அம்மாவின் தையல் இயந்திரத்தைப் போல அதுவும் உங்கள் வீட்டுக்குப் போய்த் திரும்பியிருக்காது. தம்பி கேட்டான், கொடுத்தேன்.

அப்பா: தையல் இயந்திரத்தைப் பற்றி ஞாயிற்றுக்கிழமை பேசலாம்.

பெரியப்பா: பேசத்தான் வேண்டும்.

நான்: கேசட்டில் இரைச்சல் அதிகமாக இருந்தது. பெரும்பகுதியைத் துடைத்துவிட்டேன், ஆனால் அப்பாயியின் கண்ணாடி வளையல் தொட்டில் கம்பில் பட்டு எழும்பும் ஓசையை மட்டும் விட்டுவைத்தேன். அந்த ஓசையை எண்ணிப் பார்த்தால் நிமிடத்துக்கு ஏறக்குறைய 69 வந்தது. டிரான்ஸ் பாடல்கள் பெரும்பாலும் 138-ஐ ஒட்டித்தான் ஓடும், சரியாக இருமடங்கு. அதனால் அப்பாயியின் குரலை நான் இழுக்கவும் இல்லை, ஓட்டவும் இல்லை. வளையல் ஒரு முறை தட்டினால் முரசு இரண்டு முறை அடிக்கும்.

அத்தை: அது பச்சை வளையல்.

பஸ் மாமா: யூடியூபில் பாட்டுக்குக் கீழே போலந்துக்காரர் ஒருவர் இது எந்த மொழி என்று கேட்டிருக்கிறார். யாராவது பதில் எழுதுங்கள். இன்னொருவர் குரல் மிகத் தாமதமாக வருகிறது என்று குறைசொல்லியிருக்கிறார்.

பெரியப்பா: அந்த இன்னொருவர் விவரம் தெரிந்தவர்.

*இரவு 9:30*

பெரியப்பா: மறுபடியும் கேட்டேன். மச்சான் சொன்ன இடத்தில் தாளம் நின்று, ஆராரோ மட்டும் தனியாக வருகிறது. பிறகு தாளம் திரும்புவதற்குச் சற்று முன்னால் பலகை மோதுவதுபோல 'டம்' என்று ஒரு சத்தம். அது என்ன கருவி?

நான்: கருவி இல்லை, பெரியப்பா. கேசட்டிலேயே இருந்தது. நன்றாக இருந்ததால் அதை வைத்தே தாளத்தைத் திரும்பக் கொண்டுவந்தேன்.

அத்தை: அது நீங்கள்தான், அண்ணன். வேலை முடிந்து வந்து லயத்து வீட்டுக் கதவை வழக்கம்போல அறைந்து சாத்தினீர்கள். அம்மா பாட்டை நிறுத்திவிட்டு, "பெரியவனே, பிள்ளை தூங்குது" என்று சொல்வதும் கேசட்டில் இருக்கிறது. தம்பி அதைப் பாட்டில் சேர்க்கவில்லை.

ஜொகூர் அக்கா: ஆகவே என்னை எழுப்பியது பெரியப்பா.

*இரவு 9:58*

பெரியப்பா: தங்கச்சி, ஞாயிற்றுக்கிழமை வரும்போது அந்தக் கேசட்டைக் கொண்டு வா. ஓட்டுவதற்குப் பெட்டி என்னிடம் இருக்கிறது.

அத்தை: கொண்டு வருகிறேன். கேட்டு முடித்ததும் நானே திரும்ப எடுத்துப் போவேன்.

நான்: அப்படியானால் படையலுக்குப் பிறகு பாட்டைப் போடலாமா, பெரியப்பா?

பெரியப்பா: பெயர் திருத்தம் வரட்டும், பார்க்கலாம். போடுவதாக இருந்தால் அந்த மூன்றரை நிமிட வடிவத்தைப் போடு.

பஸ் மாமா: அதில் கதவுச் சத்தம் வெட்டுப்பட்டுப் போயிருக்கும், மச்சான்.

பெரியப்பா: அப்படியென்றால் நீளமானதையே கொண்டு வா. ஒலிபெருக்கிக்கு யார் பொறுப்பு?

அப்பா: 19 முறை.