புதுப்பிப்பு: இரண்டாம் மாத சிபாப் வாடகை பில்லுக்குப் பணம் வந்துவிட்டது

அமெரிக்க மெடிகேர் (அரசு மருத்துவக் காப்பீடு) நோயாளிக்கு வாடகைக்குப் போன சிபாப் மெஷினுக்கு (தூக்கத்தில் மூச்சு தடைபடாமல் காற்றை அழுத்தி அனுப்பும் கருவி, பில் கோடு ஈ0601) முதல் மாதப் பணம் வந்தது, இரண்டாம் மாதம் டினை ஆனது (பணம் தர மறுத்துவிட்டார்கள்), ஏன் என்று போன மாதம் கேட்டிருந்தேன்.

தவறு எங்கள் பக்கம்தான். முதல் மாத க்ளெய்மை அப்படியே காப்பி செய்ததில் ஆர்ஆர் (வாடகை என்று காட்டும் மாடிஃபையர், அதாவது பில் கோடோடு சேர்க்கும் இரண்டெழுத்துக் குறி) பக்கத்தில் கேஹெச் என்ற மாடிஃபையர் மறுபடியும் ஏறியிருந்தது. நைட் ஷிஃப்டில் இரண்டு க்ளெய்மையும் பக்கத்தில் பக்கத்தில் திறந்து பார்த்தபோதுதான் கண்ணில் பட்டது. கேஹெச் முதல் மாதத்துக்கு மட்டும். 2, 3-ஆம் மாதங்களுக்குக் கேஐ, 4 முதல் 13 வரை கேஜே. 13 மாதம் முடிந்தால் மெஷின் நோயாளிக்கே சொந்தம். ஆர்ஆர் எல்லா மாதமும் இருக்க வேண்டும்.

திருத்தி அனுப்பினோம், பணம் வந்தது.

அப்புறம், நான்காம் மாதத்துக்கு இப்போதே தயாராகுங்கள். சிகிச்சை தொடங்கி 31 முதல் 91-ஆம் நாளுக்குள் டாக்டர் நோயாளியை மறுபடி பார்த்திருக்க வேண்டும். தொடர்ந்த 30 நாளில் 70 சதவீத இரவுகளாவது 4 மணி நேரம் மெஷின் ஓடியிருக்க வேண்டும். இவற்றைக் காட்டும் ரிப்போர்ட் கையில் இல்லாமல் கேஎக்ஸ் (நிபந்தனைகள் நிறைவேறிவிட்டன என்று சொல்லும் மாடிஃபையர்) போடவே போடாதீர்கள். ஆடிட்டில் பணத்தைத் திரும்பக் கேட்பார்கள். பதில் சொன்ன எல்லோருக்கும் மனமார்ந்த நன்றி.