அம்மாவுக்கு அப்பாவின் ஓய்வூதியம் கிடைக்குமா? பதிவுத் திருமணம் இல்லை

தலவாக்கலை மகள்:
வணக்கம். அப்பா தோட்டப் பாடசாலை ஆசிரியர். 2015இல ஓய்வுபெற்று, போன வருசம் தவறிட்டாரு. விதவைகள் அநாதைகள் ஓய்வூதியத்துக்கு அம்மா விண்ணப்பிச்சாங்க. பைல்ல மனைவி பேர் வேறயாம்.

அது உண்மைதான். அப்பா 1979இல முதல்ல ஒருத்தங்கள பதிவு செஞ்சு கட்டினாரு. தோட்டத்து இந்திய வம்சாவளி ஆக்கள்ல ஒரு பகுதிய இந்தியாவுக்கு அனுப்பின ஸ்ரீமா சாஸ்திரி ஒப்பந்தத்தில அவங்க குடும்பம் இந்தியாவுக்குப் பதிஞ்சிருந்தது. அப்பாவுக்கு இலங்கைப் பிரஜாவுரிமை. 1981இல அவங்க தாய் தகப்பனோட தலைமன்னார்ல கப்பலேறிட்டாங்க. பிள்ளை இல்ல, விவாகரத்தும் எடுக்கல. 1985இல மாரியம்மன் கோயில்ல அம்மாவுக்குத் தாலி கட்டினாரு. 1998இல இந்தியாவில கோத்தகிரியில அந்த முதல் மனைவி இறந்துட்டதா கடிதம் வந்துச்சு.

விண்ணப்பம் குடுத்த கந்தோர்ல மேசையில இருந்தவர் எல்லார் முன்னாலயும், "அப்ப நீங்க கட்டின பொண்டாட்டி இல்லியே" என்டாரு. அம்மா பஸ்ல ஒரு வார்த்தை பேசல. அப்பா சம்பளத்தில மாசாமாசம் பிடிச்ச காசு இது. யாரும் தர்மம் போடச் சொல்லல. என்ன செய்யலாம்?

ஓய்வுபெற்ற முகாமைத்துவ உதவியாளர், பதுளை:
மகள், ஓய்வூதியப் பிரிவில் இருந்தவன் சொல்கிறேன். வாய்மொழிப் பதிலோடு திரும்பி வரவே கூடாது. நிராகரித்தால் காரணத்தை எழுத்தில் கேளுங்கள். அப்பா அந்த ஓய்வூதிய நிதிக்குப் பதிந்தபோது கொடுத்த விபரப் படிவத்தின் பிரதியை 2016ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் கேட்கலாம். 14 வேலை நாட்களுக்குள் தருவதா இல்லையா என்று அவர்கள் முடிவு சொல்ல வேண்டும். பிறகு அவர் மனைவி பேரை மாற்றக் கடிதம் கொடுத்தாரா என்பதும் கோப்பில்தான் இருக்கும்.

சட்டத்தரணி, நுவரெலியா:
தங்கை, கசப்பானதை முதலில் சொல்லிவிடுகிறேன். 1907ஆம் ஆண்டின் 19ஆம் இலக்க விவாகப் பதிவுக் கட்டளைச் சட்டத்தின் 18ஆம் பிரிவின்படி, முதல் விவாகம் சட்டப்படி முடியாமல் இருக்கும்போது செய்த இன்னொரு விவாகம் செல்லாது. எத்தனை வருடம் பிரிந்திருந்தாலும் அது விவாகரத்து ஆகாது. ஆகவே 1985ஆம் ஆண்டுத் தாலியை மட்டும் வைத்து வழக்குப் பேச முடியாது.

உங்கள் வழக்கு 1998இல்தான் தொடங்குகிறது. அந்த முதல் மனைவி இறந்ததோடு தடை நீங்கிவிட்டது. பதிவில்லாவிட்டாலும் விவாகம் விவாகம்தான் என்பதை எங்கள் நீதிமன்றங்கள் ஏற்றிருக்கின்றன. ஊரறியக் கணவன் மனைவியாக வாழ்ந்தவர்களுக்கு விவாகம் நடந்தது என்றே நீதிமன்றம் எடுத்துக்கொள்ளும் சட்ட ஊகமும் உண்டு. அதைக் காட்டி, அம்மா சட்டப்படி மனைவிதான் என்ற உறுதிப்படுத்தலை மாவட்ட நீதிமன்றத்தில் கேட்கலாம். அரசின் சார்பில் சட்டமா அதிபரைப் பிரதிவாதியாக்க வேண்டும், அதற்கு முன் ஒரு மாத அறிவித்தல் கொடுக்க வேண்டும்.

எல்லாம் கோத்தகிரி மரண அத்தாட்சிப் பத்திரத்தில் தங்கியிருக்கிறது. கடிதம் மட்டும் போதாது. வாக்காளர் இடாப்பு, உங்கள் பிறப்புச் சான்றிதழ், தோட்ட ஆஸ்பத்திரிப் பதிவு, ஒன்றையும் தவறவிடாதீர்கள். செலவுக்குப் பயமென்றால் சட்ட உதவி ஆணைக்குழுவிடம் போங்கள்.

பொகவந்தலாவ அக்கா:
எங்க மாமிக்கும் இதே கததான். தோட்டத்து வயசாளிங்ககிட்ட இப்பவே சத்தியக் கடதாசி வாங்கிருங்க தங்கச்சி. சாட்சி சொல்ல ஒத்துக்கிட்ட ரெண்டு பேர் நாங்க வழக்குப் போட முந்தியே போய்ச் சேர்ந்துட்டாங்க.

தலவாக்கலை மகள்:
எல்லாருக்கும் நன்றி. சட்டத்தரணி அண்ணா எழுதினத அம்மாவுக்கு வாசிச்சுக் காட்டினேன். ரொம்ப நேரம் சும்மா இருந்துட்டு ஒன்னு சொன்னாங்க. கடிதம் வந்த அன்னைக்கு அப்பா மொட்டை போட்டு, நாங்க இருந்த தோட்டத்து லயத்து வீட்டிலயே காரியம் செஞ்சாராம். "அந்தக்காவுக்கு நான்தான் படையல் வச்சேன், அக்கம்பக்கம் எல்லாம் சாப்பிட்டாங்க." நாலு வீட்டுக்காரங்களுக்கு இன்னும் ஞாபகம் இருக்கு. ஞாயித்துக்கிழமை அவங்ககிட்ட போறேன். அந்தப் பழைய கடிதம் அப்பாவோட தகரப் பெட்டியில இருந்துச்சு, உறை கிழியல, அனுப்பினவங்க விலாசம் தெளிவா தெரியுது. இன்னைக்கு ராத்திரியே கோத்தகிரிக்கு எழுதுறேன்.