‘டிஸ்கிரிஷன்’: விருப்புரிமையா, தற்றுணிபா, சீர்தூக்கதிகாரமா?

அன்புடையீர்,

கனிம வணிக உரிம விதிகளைத் தமிழாக்கும்போது ‘டிஸ்கிரிஷன்’ (discretion: சூழலைப் பார்த்து அலுவலரே முடிவெடுக்கும் அதிகாரம்) என்பதற்கு ‘விருப்புரிமை’ என்று போடுவதை நிறுத்த வேண்டும். அலுவலரிடம் இருப்பது விருப்பமும் அன்று, உரிமையும் அன்று. ‘உரிமம் தருவது அலுவலரின் விருப்புரிமை’ என்று படிப்பவர், மறுத்துவிட்டால் கேள்வி கேட்க வழியில்லை என்றே எண்ணுவார். சட்டம் சொல்வதோ நேர்மாறு.

1954-இல் உச்ச நீதிமன்றம் முடிவு செய்த துவாரகா பிரசாத் லட்சுமி நாராயண் வழக்கு நிலக்கரி வணிக உரிமத்தைப் பற்றியதுதான். உத்தரப் பிரதேச நிலக்கரிக் கட்டுப்பாட்டு ஆணை, 1953-இன் 4(3) கூறு, உரிமம் தரவும் மறுக்கவும் ரத்து செய்யவும் அதிகாரம் கொடுத்தது. எவற்றைப் பார்த்து முடிவெடுப்பது என்று அதில் ஒரு சொல்லும் இல்லை. காரணத்தை எழுதிவைக்க வேண்டும் என்று இருந்தும் கூறு தப்பவில்லை. எழுதிய காரணம் சரியா என்று பார்க்க மேலே யாரும் இல்லை. தொழில் செய்யும் உரிமையின் மீது நியாயமற்ற தடை என்று அந்தக் கூறு செல்லாததாயிற்று.

ஆகவே என் முன்மொழிவு: சீர்தூக்கதிகாரம். சீர்தூக்க எடைக்கல் வேண்டும். எடைக்கல்லைத் தராத விதி எங்கே பழுதுபட்டது என்பதைச் சொல்லே காட்டிக்கொடுக்கும்.

——

> விருப்புரிமை என்று போடுவதை நிறுத்த வேண்டும்

இதில் உடன்பாடு. ஆனால் ‘தற்றுணிபு’ (தன் + துணிபு, தானே எடுக்கும் முடிவு) இருக்கப் புதுச்சொல் எதற்கு? இலங்கைச் சட்டத் தமிழில் அது வேரூன்றிய சொல். அதிலுள்ள ‘தன்’ வீண் அன்று. கோர்தன்தாஸ் பான்ஜி வழக்கில் (1951) பம்பாய்க் காவல் ஆணையர் திரையரங்குக்குத் தந்த அனுமதியை அரசு சொன்னதற்காக விலக்கிக்கொண்டார். முடிவு அவருடையதாக இல்லாததால் அது நிற்கவில்லை. மேலிடத்துத் தொலைபேசிக்குப் பணிந்து உரிமத்தை மறுப்பதும் இதே குற்றம். ‘சீர்தூக்கு’ என்பதில் இந்தப் பாதி வரவில்லையே, ஐயா?

இன்னொன்று. அடிப்படை உரிமைத் தீர்ப்புகளில் பொதுநலனையும் தனிநலனையும் ஒப்பிடுவதற்கும் சீர்தூக்கல் என்றே எழுதுகிறோம். இரண்டும் குழம்பும்.

——

> இந்தப் பாதி வரவில்லையே

வரவில்லை, உண்மை. ஆனால் ‘தற்றுணிபு’ மறுபாதியை விட்டுவிடுகிறது: துணியுமுன் எதை ஆராய்ந்தார் என்பது அதில் இல்லை. உரிமக் கோப்புகளில் பெரிதும் பழுதாவது அங்கேதான். ‘பொதுநலன் கருதி நிராகரிக்கப்பட்டது’ என்று ஒற்றை வரி. வழக்கு வந்த பிறகு பிரமாணப் பத்திரத்தில் நீண்ட விளக்கம். ஆணையில் இல்லாத காரணத்தைப் பின்னால் சேர்க்க முடியாது என்று மொகிந்தர் சிங் கில் வழக்கு (1977) தீர்த்துவிட்டது.

குழப்பத்துக்கு வழி உண்டு. அங்கே ‘சீர்தூக்கல்’, இங்கே எப்போதும் ‘அதிகாரம்’ சேர்ந்தே வரட்டும். பிறர் ஏவலால் எடுத்த முடிவுக்கு ‘ஏவல் முடிவு’ என்று தனிச்சொல் வைப்போம்.

பெயர்ச்சொல்லைவிட எனக்குக் கவலை தருவது வினைமுற்று. ஆங்கில மூலத்தில் ‘மே’ (may) என்று மட்டும் இருக்க, ‘விரும்பினால் வழங்கலாம்’ என்று மொழிபெயர்க்கிறார்கள். அந்த ‘விரும்பினால்’ இல்லாத அதிகாரத்தை உண்டாக்குகிறது. தகுதியெல்லாம் நிறைந்தவருக்கு ‘வழங்கலாம்’ என்பதே சில சட்டங்களில் கடமையாகிவிடும்.

——

ஏற்கிறேன், ‘சீர்தூக்கதிகாரம்’ இருக்கட்டும். 1957-ஆம் ஆண்டுச் சுரங்க, கனிமச் சட்டத்தின் 23சி பிரிவு மாநில அரசு விதி செய்யக்கூடியவற்றில் சோதனைச் சாவடி, எடைமேடை, பதிவேடுகள் ஆகியவற்றோடு, ஆணைகளை மறுஆய்வு செய்யும் அதிகார அமைப்பையும் வைத்திருக்கிறது. 1954-இல் இல்லாத மேற்பார்வை அது. வரைவுக் கூறு இப்படி இருக்கட்டும்:

“கனிமம் பெறப்படும் மூலம், இருப்பிடம், எடைமேடை வசதி, நடைச்சீட்டுப் பதிவேடு, முந்தைய விதிமீறல் ஆகியவற்றைச் சீர்தூக்கி அலுவலர் உரிமம் வழங்கலாம், மறுத்தால், காரணத்தையும் மறுஆய்வு மனு செய்யும் கெடுவையும் ஆணையிலேயே குறிப்பிட வேண்டும்.”

கூறின் உள்ளே ‘சீர்தூக்கி’ என்ற வினை போதும். ‘சீர்தூக்கதிகாரம்’ என்ற பெயர் தலைப்புக்கும் உரைக்கும் மட்டும்.