பிள்ளைகளின் பங்குக் காணியை விற்க நீதிமன்ற அனுமதி: அனுபவமுள்ளவர்கள் சொல்லுங்கள்

வணக்கம் உறவுகளே. என் தங்கச்சிக்காகக் கேட்கிறேன். மச்சான் போன வருடம் தவறிவிட்டார். மரணசாசனம் எழுதவில்லை. ஒட்டுசுட்டான் பக்கம் அவர் பெயரில் 2 ஏக்கர் வயல் இருக்கிறது. அரசு அனுமதிப்பத்திரத்தில் கொடுத்த காணி இல்லை, சொந்த உறுதி உள்ள காணி. பிள்ளைகளுக்கு வயது 14, 9.

தங்கச்சி இப்போது பிள்ளைகளோடு வவுனியாவில் வாடகை வீட்டில் இருக்கிறாள். வயலை விற்று அங்கேயே ஒரு சின்ன வளவு வாங்கினால் போதும் என்கிறாள். ஆனால் 18 வயதாகாத பிள்ளைகளின் பங்கைத் தாய் தன் கையெழுத்தில் விற்க முடியாது, மாவட்ட நீதிமன்றத்தின் அனுமதி வேண்டும் என்று உறுதி எழுதும் நொத்தாரிசு சொல்லிவிட்டார். அது சரிதான், பிள்ளைகளின் சொத்துக்கு அந்தக் காவல் வேண்டும்.

வாங்க வந்தவர் முற்பணம் தரட்டுமா என்று கேட்கிறார். அனுமதி கிடைக்கும் வரை ஒரு சதமும் வாங்காதே என்று தங்கச்சியிடம் சொல்லி வைத்திருக்கிறேன்.

முல்லைத்தீவு, வவுனியாப் பக்கம் இப்படி வழக்குப் போட்டவர்கள் யாராவது இருக்கிறீர்களா? எவ்வளவு காலம் எடுத்தது? காணி மதிப்பீட்டு அறிக்கையை யாரிடம் எடுத்தீர்கள்? முக்கியமாக, விற்ற பணம் முழுவதையும் பிள்ளைகளின் பெயரில் வங்கியில் போடச் சொன்னார்களா, இல்லை அவர்கள் பெயரிலேயே வேறு காணி வாங்க விட்டார்களா? இதற்குப் பதில் தெரிந்தால்தான் தங்கச்சி வளவு பார்க்கத் தொடங்கலாம்.