அப்பம்மாவின் கடிதத்தை வாசிச்சது நான்

வெள்ளவத்தை வாசி:
பரிசோதனைப் படம் எடுக்கிற அந்தப் பிள்ளையை உங்களில சிலருக்குத் தெரிஞ்சிருக்கும். அப்பா யாழ்ப்பாணம், அம்மா பறங்கி, ஒல்லாந்த, போர்த்துக்கீச வழி வந்த ஆக்கள். தகப்பன் வீட்டில எடுத்த சூப்பர் 8 சின்னப் படச்சுருள்களையும் அப்பம்மாவின் கடிதங்களையும் சேர்த்துப் படம் செய்தவ. தமிழ் வாசிக்க வராது, அதனால என்னைக் கூப்பிட்டவ.

மைக்கை என் வாய்க்குக் கிட்டப் பிடிக்கேல்லை. கடதாசிக்குக் கிட்டப் பிடிச்சா. நீலக் கடதாசியின் மடிப்பு விரியிற சத்தத்தைத்தான் முதலில பதிஞ்சவ. கடிதத்தில ஒரு வரி: "கிணத்தடியில சறுக்கி விழுந்திட்டன், கொப்பருக்குச் சொல்லேல்லை." அதை வாசிக்க எனக்குக் குரல் அடைச்சுது. அவ அர்த்தம் கேட்கேல்லை. "அந்த இடத்தில மூச்செடுத்தீங்கள், திரும்ப ஒருக்கா வாசியுங்கோ அக்கா" எண்டு மட்டும் சொன்னா.

படத்திலயும் மொழிபெயர்ப்பு போடேல்லை. அப்பம்மா விழுந்தது பேத்திக்குத் தெரியுமோ எண்டு இண்டைக்கும் யோசிக்கிறன்.

கொம்பனித்தெரு:
நீங்கள் சொல்லியிருக்க வேணும். கேட்கேல்லை எண்டு விடுறதோ? தாய்மனிசியின் வலி வெறும் சத்தமாப் போச்சு.

எங்கட வீட்டுக்கும் வந்தவ. என் அம்மா மலாய், அப்பா தமிழ். அம்மாவின் கையை மட்டும் ஒரு கார்ட்ரிட்ஜ், அதாவது ஒரு சுருள், முழுக்க எடுத்தா. 3 நிமிசம் 20 செக்கன்தான் ஓடும். சுருள் முடிஞ்சு கமரா நிண்ட பிறகுதான் அம்மா தன்ர பூட்டனின் கதையைத் தொடங்கினா. வெள்ளைக்காரர் மலாய்க்காரரைச் சேர்த்து வைச்சிருந்து 1873இல கலைச்ச சிலோன் ரைபிள்ஸ் படையில இருந்தவராம். ஒண்டும் பதிவாகேல்லை. அந்தப் பிள்ளை கமராவை மடியில வைச்சுக்கொண்டு இருட்டும்வரை கேட்டா.

வெள்ளவத்தை வாசி:
பக்கத்தில தமிழ் தெரிஞ்ச நான் இருந்தனான். அர்த்தம் வேணுமெண்டால் கேட்டிருப்பா. வலிய நான் சொன்னால் அது என்ர படமாகிவிடும்.

பம்பலப்பிட்டி:
வெள்ளவத்தை அக்கா சொல்லுறதுதான் சரி. பறங்கித் தகப்பனுக்கும் சிங்களத் தாய்க்கும் பிறந்த புகைப்படக்காரர் லயனல் வென்ட், 1934இல இலங்கையைப் பற்றி வந்த 'சோங் ஒஃப் சிலோன்' படத்துக்கு, கண்டி ராசா பிடிச்சு வைச்சிருந்த வெள்ளைக்காரர் ரொபர்ட் நொக்ஸ் 1681இல வெளியிட்ட புத்தகத்திலயிருந்து வாசிச்சவர். படமும் எழுத்தும் ஆரின்ரையோ, குரல் மட்டும் அவரின்ர. அப்பிடி இரவல் குரல் குடுக்கிறது கொழும்புக்குப் புதிசில்லை.

அந்தப் பிள்ளையின் படத்தை நானும் பார்த்தனான். கலியாணச் சுருளில பொம்பிளையின் முகம் பூஞ்சணத்தில அரிச்சுப்போய்க் கிடந்தது. அதைத் திருத்தாமலே விட்டிருந்தா. என்னால கண்ணை எடுக்கேலாமல் போச்சு.

ஆனால் உங்கட வீட்டுச் சுருள்களை அப்பிடி விடாதேங்கோ. டப்பாவைத் திறக்க வினாகிரி மணம் அடிச்சால் சுருள் செய்த அசிட்டேட் பிளாஸ்டிக் சிதையத் தொடங்கிட்டுது. எங்கட சூடும் ஈரக் காத்தும் அதைக் கெதியாக்கும். ஆவி பக்கத்துச் சுருளையும் பிடிக்கும், உடனே பிரிச்சு வையுங்கோ. ஆசைக்குக்கூட புரொஜெக்டரில போடாதேங்கோ. சுருங்கின படம் பல்லில மாட்டிக் கிழியும். முதல் வேலை ஸ்கேன். யார் யார் படத்தில எண்டு பெரியாக்களிட்டக் கேட்டு டப்பாவிலயே எழுதுங்கோ. பிரிட்ஜில வைக்கிறதெண்டால் காத்துப் போகாத பையில போட்டு வையுங்கோ. வெளியில எடுத்த உடனே பையைத் திறந்தால் படம் வேர்க்கும். குளிர் முழுக்கப் போனபிறகு திறவுங்கோ.