படம் இயக்கும்போது நிக்விஸ்ட் கேமராவை வேறொருவரிடம் கொடுத்தார், ட்ரோல் தானே பிடித்துக்கொண்டார்: எது சரி?

பிலிம்சுருள்:
ஸ்வீடன் இயக்குநர் பெர்க்மனின் ஒளிப்பதிவாளர் ஸ்வென் நிக்விஸ்ட், இரண்டு ஆஸ்கார் வாங்கியவர். 1991இல் 'தி ஆக்ஸ்' படத்தை இயக்கினார். லாஸே சும்மானெனுடன் சேர்ந்து திரைக்கதையும் எழுதினார். ஆனால் கேமராவை டான் மீர்மனிடம் கொடுத்துவிட்டார். சறுக்கல் அங்கேதான். இன்னொரு ஸ்வீடன் இயக்குநர் யான் ட்ரோல் அப்படிச் செய்யவில்லை. 1963இல் பூ விடர்பேர்கின் முதல் படத்துக்கு ஒளிப்பதிவு செய்தவர், தானே இயக்குநரான பிறகும் கேமராவை விடவில்லை. 'தி எமிக்ரன்ட்ஸ்' (1971) படத்துக்கு இயக்கம், ஒளிப்பதிவு, எடிட்டிங் மூன்றும் அவரே. திரைக்கதை பெங்ட் ஃபோர்ஸ்லுண்டுடன் சேர்ந்து. சிறந்த படத்துக்கான ஆஸ்கார் பட்டியல் வரை போனது.

வியூஃபைண்டர்:
இயக்குநரே கேமராவை ஆபரேட் செய்தால் என்ன நடக்கும் தெரியுமா? ரிஃப்ளெக்ஸ் பிலிம் கேமராவில் (லென்ஸ் வழியாகவே பார்க்கும் வகை) ஷட்டர் மூடியிருக்கும்போதுதான் பிம்பம் கண்ணுக்கு வரும். பிலிமில் பதியும் கணத்தை ஆபரேட்டர் பார்ப்பதே இல்லை. ஓடும்போது ஐபீஸிலிருந்து, அதாவது கண் வைத்துப் பார்க்கும் துளையிலிருந்து, கண்ணை எடுத்தால் அந்த வழியே வெளிச்சம் புகுந்து நெகட்டிவ் கெட்டுப்போகும். ஃபிரேமுக்கு வெளியே இருக்கும் நடிகர் என்ன செய்கிறார் என்று தலையைத் தூக்கிப் பார்க்கவும் வழியில்லை. மறுநாள் ரஷ் (கழுவி வந்த காட்சிகள்) பார்த்தால்தான் உண்டு. நிக்விஸ்ட் முன்னால் ஸ்டெல்லன் ஸ்கார்ஸ்கார்டும் மாக்ஸ் ஃபான் சிடோவும் லிவ் உல்மனும் நின்றார்கள். அவர்களை இரண்டு கண்ணாலும் பார்க்க வேண்டாமா?

பிலிம்சுருள்:
ஆபரேட்டரைவிட நெருக்கமாக நடிகரைப் பார்ப்பவர் யார் சார்? அதோடு ட்ரோல் எடிட்டரும்கூட. எந்த ஷாட் எதோடு ஒட்டும் என்று தெரிந்தே எடுக்கிறார். மூன்று பேருக்கு விளக்கம் சொல்லும் நேரத்தில் மேகம் மறுபடி மூடிவிடும்.

வியூஃபைண்டர்:
வெளியில் சரி. குடிசைக்குள்? 'தி எமிக்ரன்ட்ஸ்' காலத்து ஈஸ்ட்மேன் 5254 நெகட்டிவின் ஒளி உணர்திறன் 100 ஏஎஸ்ஏதான். ஜன்னல் வழி வரும் பகல் வெளிச்சத்தின் நிறத்தைச் சரிசெய்ய 85 ஃபில்டர் போட்டால் அது 64 ஆகிவிடும். லென்ஸை முழுக்கத் திறந்தாக வேண்டும். 50 எம்எம் லென்ஸ், திறப்பு எஃப் 2, நடிகர் 2 மீட்டரில் என்றால் ஃபோகஸ் நிற்பது சுமார் 16 செ.மீ.தான். கொஞ்சம் முன்னால் சாய்ந்தாலே முகம் மங்கிவிடும். அந்த டேக் முழுக்க ஆபரேட்டர் மனசு ஃபோகஸில் இருக்கும், வசனத்தில் இருக்காது.

மண்வெட்டி:
ரெண்டு பேரும் கேமராவையே சுத்தி வர்றீங்க. 'தி ஆக்ஸ்' சறுக்கினது எழுத்துல. 1860கள், ஸ்வீடனோட ஸ்மோலாந்துப் பக்கம் பஞ்சம். கூலிக்காரன் முதலாளியோட காளையைக் கொன்னுடுறான், ஜெயிலுக்குப் போறான். அப்புறம் அவன் பொண்டாட்டி வயித்தைக் கழுவப் பட்ட பாடுதானே நிஜக் கதை? அதுக்கு ஒன்றரை மணி நேரப் படத்துல இடம் பத்தலை. 'தி எமிக்ரன்ட்ஸ்'ல ட்ரோல் கையில வில்ஹெல்ம் மூபெரி நாவல் இருந்துச்சு, மூணு மணி நேரத்துக்கு மேல ஓட்டமும் கிடைச்சுது. அதே ஸ்மோலாந்து, அதே வறுமைதான். இத்தனைக்கும் 'தி ஆக்ஸ்' சிறந்த வெளிநாட்டுப் படத்துக்கான ஆஸ்கார் பட்டியல்ல இருந்த படம், மறந்துடாதீங்க.

பிலிம்சுருள்:
எழுத்தில் குறை இல்லை என்று நான் சொல்லவில்லையே. 1979இன் 'ஹரிக்கேன்' பாருங்கள். இயக்கம் ட்ரோல், ஒளிப்பதிவு சாட்சாத் நிக்விஸ்ட்! அப்படி ஒருவர் பக்கத்தில் இருந்தும் படம் எடுபடவில்லை. 1982இல் 'தி ஃப்ளைட் ஆஃப் தி ஈகிள்' படத்துக்குக் கேமராவைத் திரும்ப எடுத்தார். மறுபடி ஆஸ்கார் பட்டியல்.

மண்வெட்டி:
'ஹரிக்கேன்' டினோ டி லாரன்டிஸ் தயாரிப்பு, இயக்குநர் பொலான்ஸ்கிக்காகப் போட்ட திட்டம். அவர் போன இடத்துல வந்து உட்கார்ந்தவர் ட்ரோல். கதையே அவரோடது இல்லை. கேமரா யார்கிட்ட இருந்தா என்ன?

வியூஃபைண்டர்:
2008இன் 'எவர்லாஸ்டிங் மொமென்ட்ஸ்' டைட்டிலையும் பாருங்கள். ஒளிப்பதிவில் ட்ரோலோடு மிஷா கவ்ரியுஷோவ் பெயரும் இருக்கிறது.

பிலிம்சுருள்:
அப்போது ட்ரோலுக்கு 75 தாண்டிவிட்டது. கூட ஒரு ஆளை வைத்துக்கொள்வது வேறு, நிக்விஸ்ட் மாதிரி மொத்தமாக ஒப்படைப்பது வேறு.