பலாங்கொடை மனிதனை நீங்கள் எங்கே சந்தித்தீர்கள்?

வெள்ளவத்தை வாசி:

அநுராதபுரம், பொலன்னறுவை பார்க்காத கொழும்புக்காரர் குறைவு. ஆனால் அரசர்களுக்கும் குளங்களுக்கும் பல்லாயிரம் ஆண்டுகள் முன்பே இந்தத் தீவில் மனிதர் வாழ்ந்திருக்கிறார்கள். அவர்களுள் குகைகளில் எலும்பு கிடைத்தவர்களைத்தான் பலாங்கொடை மனிதன் என்கிறார்கள். அவர்களுடைய கல்லையோ எலும்பையோ குகையையோ நேரில் பார்த்தவர்கள் இங்கே இருந்தால் எழுதுங்கள். முதலில் என்னுடையதைச் சொல்கிறேன்.

கறுவாத்தோட்டத்துத் தேசிய நூதனசாலை. 1877 இல் திறந்த அந்த வெள்ளைக் கட்டடத்துக்குள் போகிறவர்கள் பெரும்பாலும் கண்டி அரசனின் சிம்மாசனத்தைத் தேடித்தான் போவார்கள். அக்காவின் மகனும் அங்கேதான் என்னை இழுத்தான். நான் கண்ணாடிப் பெட்டிக்குள் இருந்த வெள்ளைக் கற்களுக்கு முன்னால் நின்றுவிட்டேன். சில கற்கள் விரல் நகத்தைவிடச் சிறியவை. பிறை வடிவம், முக்கோணம், ஒரு பக்கம் மழுங்க வைத்து மறு பக்கம் கூராக விட்டது என்று ஒவ்வொன்றிலும் ஒரு கணக்கு தெரிந்தது. இவற்றை நுண்கற்கருவிகள் என்கிறார்கள். ஐரோப்பாவில் இந்த வகைக் கருவிகள் பரவலாவது பனியுகம் முடியும் தறுவாயில். இங்கே களுத்துறை மாவட்டத்துப் பாஹியன் லெனவில் (லென என்றால் சிங்களத்தில் குகை) 45,000 ஆண்டுகளுக்கும் முந்தைய அடுக்குகளிலேயே நுண்கற்கருவிகள் இருக்கின்றன.

பாடசாலையில் பலாங்கொடை மனிதனை நாங்கள் ஒரு பந்தியில் படித்து முடித்தோம். ஆணின் உயரம் சராசரி 174 சென்ரிமீற்றர், பெண்ணின் உயரம் 166, புருவ மேடு தடிப்பு, பல் பெரிது. பரீட்சைக்கு அது போதும். ஆனால் அந்தப் பிறை வடிவக் கல்லைச் செய்த கை எவ்வளவு பழகிய கை என்று பந்தியில் எழுதியிருக்கவில்லை. சரி, மற்றவர்கள் சொல்லுங்கள்.

கல்லும் சிப்பியும்:

நான் தொல்லியல் படித்தவள். எனக்கு அவர்களோடு பழக்கம் ஏற்பட்டது குகையில் அல்ல, கொழும்பில் ஓர் ஆய்வகத்து மேசையில்.

குகையில் தோண்டிய மண்ணைக் கொட்டிவிடுவதில்லை. எந்தக் குழி, எந்த அடுக்கு, எவ்வளவு ஆழம் என்று எழுதிப் பையில் கட்டி, நுண்ணிய வலையில் தண்ணீர் விட்டுச் சலிப்பார்கள். வலையில் தங்குவதைக் காயவைத்துத் தட்டில் பரப்பிச் சாமணத்தால் பிரிக்க வேண்டும். நத்தை ஓடு ஒரு பக்கம், எலும்பு ஒரு பக்கம், கரிந்துபோன கெக்குன என்ற காட்டு மரத்தின் விதை ஓடு ஒரு பக்கம், கல் ஒரு பக்கம். காலையில் உட்கார்ந்தால் மாலையில் கழுத்து நிமிராது.

கல்லைப் பிரிப்பதுதான் சிரமம். நம் நாட்டுக் கருவிகளில் பெரும்பாலானவை குவார்ட்ஸ் என்ற வெள்ளைக்கல். அந்தக் கல்லுக்குள் ஏற்கெனவே நிறைய வெடிப்புகள் இருக்கும், அடித்தால் நினைத்தபடி உடையாது. தானாக உடைந்த துண்டும் மனிதர் உடைத்த துண்டும் பார்வைக்கு ஒன்றுபோலவே கிடக்கும். கற்றுத் தந்தவர் சொன்ன வழி இது. அடி விழுந்த முனை நசுங்கியிருக்கிறதா பார். அதற்குக் கீழே சில்லின், அதாவது உடைந்து வந்த துண்டின், வயிறு இலேசாகப் புடைத்திருக்கிறதா பார். ஓரத்தில் வரிசையாகச் சின்னச் சின்னக் கொத்தல் இருந்தால் சந்தேகமே வேண்டாம். முதல் வாரம் எனக்கு ஒன்றும் பிடிபடவில்லை. அப்புறம் ஒரு நாள் விரல் தானாகவே ஒரு சில்லைத் திருப்பிப் பிடித்தது. பெருவிரலும் சுட்டுவிரலும் வைக்க இடம் இருந்தது. அதைச் செய்தவரின் விரலும் அங்கேதான் இருந்திருக்கும் என்று நினைத்ததும் உடம்பு சிலிர்த்தது.

எலும்பு பற்றி ஒன்று சொல்லியே ஆக வேண்டும். மழைக்காடு மனிதனுக்கு உகந்த இடமல்ல, அங்கே பெரிய விலங்கும் இல்லை மாச்சத்தும் இல்லை, பயிர்செய்யத் தெரிந்த பிறகுதான் மனிதர் உள்ளே போயிருப்பார்கள் என்று நெடுங்காலம் எழுதி வந்தார்கள். நம் குகைகள் அதைப் புரட்டிப் போட்டுவிட்டன. பாஹியன் லெனவில் கிடைத்த விலங்கெலும்புகளில் பெரும்பகுதி குரங்கும் மரஅணிலும். அதுவும் வளர்ந்த குரங்குகளே அதிகம் என்று 2019 இல் வந்த ஆய்வு காட்டியது. அதாவது கையில் சிக்கியதைப் பிடித்துத் தின்றவர்கள் அல்லர், உச்சிக்கிளையில் தாவுவதைத் தேர்ந்து வேட்டையாடியவர்கள். அதற்கு வில் வேண்டும். 2020 இல் அதே குகையின் 130 எலும்பு முனைகளை ஆராய்ந்து, மோதியதால் வரும் முறிவுகளைக் கண்டு, சில அம்பு முனைகளாகத்தான் இருக்க வேண்டும் என்று காட்டினார்கள். காலம் ஏறத்தாழ 48,000 ஆண்டுகள். ஆபிரிக்காவுக்கு வெளியே கிடைத்த மிகப் பழைய அம்புச் சான்றுகளில் இது ஒன்று. தின்ற குரங்கின் எலும்பையே தீட்டி அடுத்த குரங்குக்கு அம்பாக்கியிருக்கிறார்கள்.

இதை அறிந்த பிறகு யாராவது “காட்டுமிராண்டி” என்று சொன்னால் எனக்குக் கோபம் வருகிறது. மறைக்க மாட்டேன்.

கொட்டாஞ்சேனை டீச்சர்:

எங்கள் பிள்ளைகளின் சுற்றுலா என்றால் கண்டி, நுவரெலியா, சீதை அம்மன் கோயில். தரம் 10 மாணவர்களை ஒருமுறை பாஹியன் லெனவுக்குக் கூட்டிப்போனேன். ஹொரணை வழியாகப் புளத்சிங்கள, அங்கிருந்து யட்டகம்பிட்டிய. படியேறி மேலே போனதும் கூச்சல் போட்டுக்கொண்டு வந்த பிள்ளைகள் கப்சிப். அவ்வளவு பெரிய பாறை வாய். இப்போது உள்ளே பௌத்த விகாரை இருக்கிறது, சயனப் புத்தர் சிலையும் உண்டு. கும்பிட வந்த சனமும் நாங்களும் ஒரே நிழலில் நின்றோம். வெளியே மழை கொட்டுகிறது, பாறைக்கு அடியில் ஒரு சொட்டு இல்லை. அந்த மனிதர்கள் ஏன் இந்த இடத்தை விடாமல் பிடித்துக்கொண்டார்கள் என்று நான் விளக்கத் தேவையே வரவில்லை.

குரங்கு சாப்பிட்டார்கள் என்றதும் ஒரு கூட்டம் முகத்தைச் சுளித்தது. நத்தை என்றதும் இன்னும் மோசம். காட்டுவாழையும் காட்டு ஈரப்பலாவும் கித்துல்கல பெலிலெனவில் கரிந்த நிலையில் கிடைத்தன என்றேன், கொஞ்சம் சமாதானமானார்கள். அப்புறம் ஒருத்தி கேட்டாள்: “டீச்சர், அவங்க என்ன பாஷை பேசினாங்க?”

பஸ் முழுக்க என்னைப் பார்த்தது. தமிழா சிங்களமா என்ற கேள்வி அதற்குள் இருந்தது எனக்கும் தெரியும், அவர்களுக்கும் தெரியும். இன்று நாம் பேசும் மொழி எதற்கும் அவ்வளவு வயது இல்லை, அவர்கள் பேசியது காற்றோடு போய்விட்டது என்றேன். பனியுகத்தின் உச்சத்தில் கடல் இன்றைக்கு இருப்பதைவிட 120 மீற்றர் கீழே இருந்தது, மன்னாரிலிருந்து இராமேஸ்வரம் வரை நடந்தே போகலாம், ஏழாயிரம் ஆண்டுகளுக்கு முன்புதான் நீர் முழுவதும் மூடியது என்றும் சொன்னேன். கேட்டவள் விடவில்லை. “அப்ப காலிமுகத்திடல்ல கடலே இல்லையா?” கரை இன்னும் தள்ளி இருந்திருக்கும் என்றேன். திரும்பி வரும் வழி முழுக்க அதுதான் பேச்சு.

கடலைப் பற்றிச் சொன்னதற்கு இன்னொரு காரணமும் உண்டு. உள்நாட்டுக் குகைகளில் கடற்சிப்பி மணிகள் கிடைத்திருக்கின்றன. பெலிலெனவுக்குக் கரையிலிருந்து உப்பு வந்திருக்கிறது. யாரோ நடந்து கொண்டுபோயிருக்கிறார்கள், யாரோ பண்டமாற்றியிருக்கிறார்கள். பிள்ளைகளுக்கு எலும்பைவிட இந்த உப்புத்தான் பிடித்தது.

வாகரைப் பேரன்:

என் அம்மம்மா வாகரைப் பக்கம். கரையோர வேடர் வழி. நாங்கள் பேசுவது தமிழ், தொழில் மீன்பிடி. இப்போது தெமட்டகொடையில் இருக்கிறேன். பவுல் சரசின், ஃபிரிட்ஸ் சரசின் என்ற சுவிஸ் ஆய்வாளர்கள் 1907 இல் இங்கே வந்து குகைகளைத் தோண்டியது வேடர்களின் முன்னோரைத் தேடித்தான். கற்கருவியும் கண்டார்கள். பலாங்கொடை மனிதனின் எலும்பமைப்புக்கும் வேடருக்கும் தொடர்பு இருக்கிறது என்று பின்னால் தொல்லியலாளர் சிரான் தெரணியகலவும் எழுதினார்.

அதைக் கேட்கும்போது எனக்கு இரண்டு உணர்வும் ஒன்றாக வரும். எங்கள் சனத்தின் மண்டையை அளவுகோலால் அளந்த காலம் ஒன்று இருந்தது, அது கசப்பு. ஆனால் அம்மம்மா தேன்கூடு எந்த மரத்தில் இருக்கும் என்று தேனீ போகும் திசையை வைத்தே சொல்வா. அந்த அறிவு எவ்வளவு காலத்து அறிவு என்று நினைத்தால் நெஞ்சு நிறையும். முப்பதாயிரம் ஆண்டுகளில் எத்தனையோ சனம் வந்து கலந்திருக்கும், நேர்கோடு போட நான் வரவில்லை.

இரணைமடு:

கிளிநொச்சிக்காரன், வேலை கொழும்பில். கடலோரச் செம்மண் மேடுகளுக்கும் அவற்றின் அடியில் உள்ள பரலுக்கும் ஆய்வாளர்கள் வைத்த பெயரே “இரணைமடு உருவாக்கம்”. தெற்கே புந்தல, பத்திராஜவெலவில் இதே வகைப் படிவில் கற்கருவிகள் கிடைத்தன, வயது 125,000 ஆண்டு என்று கணித்தார்கள். எங்கள் குளத்துப் பெயர் அம்பாந்தோட்டை மண்ணுக்கும் வழங்குகிறது என்பதை ஊரில் சொன்னபோது அப்பாவுக்கு அவ்வளவு பெருமை.

ஊர்ப் பரலில் வெள்ளைக்கல் கிடந்தால் குனிந்து பார்ப்பேன். எடுப்பதில்லை. கிடந்த இடத்தை விட்டு நகர்ந்தால் அந்தக் கல் பேசாது. அதோடு 1940 ஆம் ஆண்டுத் தொல்பொருள் கட்டளைச் சட்டப்படி அனுமதியில்லாமல் தோண்டுவதும் குற்றம்.

வெள்ளவத்தை வாசி:

கல்லும் சிப்பியும், நீங்கள் சொன்ன அந்தப் புடைப்பைத் தேடுவதற்காகவே இன்னொரு முறை நூதனசாலைக்குப் போகப் போகிறேன். குருவிட்டப் பக்கத்துத் தோட்டங்களில் இருக்கும் நம்மவர் யாராவது படதொம்பலெனவுக்குப் போயிருக்கிறீர்களா? கொழும்பிலிருந்து ஒரே நாளில் போய்வர முடியுமா?

கல்லும் சிப்பியும்:

முடியும். விடிய முன் வெளிக்கிடுங்கள். இரத்தினபுரி பஸ்ஸில் குருவிட்டவில் இறங்கி, அங்கிருந்து ஓட்டோ, கடைசிப் பகுதி நடை. மழை நாளில் வேண்டாம், பாதை வழுக்கும், அட்டையும் அதிகம். காலுக்குச் சவர்க்காரம் பூசிக்கொள்ளுங்கள். உள்ளே போனால் பழைய குழிகளின் ஓரத்தில் மிதிக்காதீர்கள், இன்னும் படிக்காத அடுக்கு அங்கே இருக்கிறது.